குறுக்கே போன சிவப்பு ஒயர்

அத்தியாயம் 6

"திருடியை நாங்களே பிடிச்சுட்டோம். அவதான்னு எழுதி நீங்க ஒரு கையெழுத்து போட்டாப் போதும்," என்றார் மேனேஜர்.

துப்பறிய இதைவிடச் சொகுசான வேலை கிடைக்காது என்று சின்னவனுக்குத் தோன்றியது. ஏசி அறை, மெத்தை வைத்த நாற்காலி, ஏற்கெனவே பிடிபட்ட திருடி. அவன் பேனா மூடியைக்கூடக் கழற்றிவிட்டான். பக்கத்தில் உட்கார்ந்திருந்த அண்ணி அந்தப் பேனாவை வாங்கி, மூடி, மறுபடி அவன் சட்டைப் பையிலேயே செருகினாள்.

அண்ணி என்றால் அவனுக்கு மட்டும் அண்ணி இல்லை. துப்பறியும் தொழிலுக்கு வந்த பத்து வருடத்தில் போலீஸ்காரர்கள், வக்கீல்கள், ஓரிரு திருடர்கள் உட்பட எல்லோரும் அவளை அப்படித்தான் கூப்பிட்டார்கள். சின்னவன் அவள் கணவனின் தம்பி. வீட்டில் சும்மா உட்கார்ந்து சாப்பிடக் கூடாது என்று அவனை உதவியாளனாக நியமித்தது அண்ணன். வேலையை விட்டு நீக்கும் அதிகாரம் மட்டும் அண்ணியிடம் இருந்தது. அதை அவள் வாரம் ஒருமுறை ஞாபகப்படுத்துவாள்.

"போலீஸுக்கு எப்போ சொல்றதா இருக்கீங்க?" என்று கேட்டாள் அண்ணி.

"நாலு மணிக்கு. ஷிஃப்ட் முடியறதுக்குள்ள அவ வெளிய போயிடணும்."

மணி இரண்டு பத்து.

மூக்குக்கண்ணாடிக்கும் கேமராவுக்கும் லென்ஸ் செய்கிற தொழிற்சாலை அது. உயர்ந்த ரகக் கண்ணாடியை உருக்க ஒரு பிளாட்டினக் கிண்ணம் வைத்திருந்தார்கள். பார்த்தால் உள்ளங்கையில் அடங்கும், தூக்கினால் கை தானாகக் கீழே போகும். செவ்வாய்க்கிழமை மதியம் அது பூட்டிய அறையிலிருந்து காணாமல் போய்விட்டது. அறைச் சாவி ஆறு பேரிடம் இருந்ததால் சாவியை வைத்து யாரையும் சந்தேகப்பட முடியவில்லை. அந்த அறைக்கு உண்மையான காவல் அலாரம்தான். யார் கதவைத் திறந்தாலும் வாசலில் இருக்கும் செக்யூரிட்டி அறையில் மணி அடிக்கும். முன்பே சொல்லிவிட்டுத் திறந்தால் அங்கே ஒரு பட்டனை அழுத்தி மணியை நிறுத்தி வைப்பார்கள். செவ்வாய்க்கிழமை யாரும் சொல்லவில்லை. மணி அடித்தது. பகல் நேரச் செக்யூரிட்டி, எல்லோரும் கேட் அக்கா என்று கூப்பிடும் பெண்மணி, பட்டனை அழுத்தி அதை நிறுத்தினாள். எழுந்து போய்ப் பார்க்கவில்லை.

"ஏன் பார்க்கலையாம்?"

"மூணு வாரமா தினம் பத்து தடவை சும்மா சும்மா அடிக்குதாம். எனக்கே காதுல பூ சுத்தப் பார்க்கிறா," என்றார் மேனேஜர். அவர் காது அதற்கு வசதியான அளவில்தான் இருந்தது.

கேட் அக்காவைச் சீருடைகள் தொங்கும் ஒரு சின்ன அறையில் உட்கார வைத்திருந்தார்கள். நாற்பத்தைந்து வயதிருக்கும். முதுகை நிமிர்த்தி, கைகளை மடியில் வைத்து உட்கார்ந்திருந்தாள்.

"சரக்கு லிஃப்ட் ஓடும்போதெல்லாம் மணி அடிக்குங்க. லிஃப்ட் நின்னா மணியும் நின்னுடும். முதல் நாலு நாள் ஒவ்வொரு தடவையும் ஓடிப் போய்ப் பார்த்தேன். கதவு பூட்டின மாதிரியே இருக்கும்."

"லிஃப்ட் ஓடாதப்போ எப்பவாச்சும்?" என்றாள் அண்ணி.

"ஒரு தடவைகூட இல்ல. புகார் நோட்டுல ஒன்பது தரம் எழுதினேன். எலக்ட்ரிகல் சூப்பர்வைசர், 'கான்ட்ராக்டர் வேலை முடிஞ்சதும் பார்க்கப்படும்'னு எழுதி எழுதிக் கையெழுத்துப் போட்டுட்டார். செவ்வாய்க்கிழமையும் லிஃப்ட் ஓடிச்சு, மணி அடிச்சுது. நிறுத்திட்டேன். போகாதது என் தப்புதான். ஆனா எடுக்கல."

"போலீஸுன்னா பயமா இருக்கா?"

"அது இல்லீங்க." அதுவரை நிமிர்ந்திருந்த முதுகு கொஞ்சம் தளர்ந்தது. "காலையில மேனேஜர் எங்க வீட்டுக்காரர் வேலை செய்யற இடத்துக்கே போன் பண்ணி, உன் பொண்டாட்டி திருடின்னு சொல்லிட்டார். அவர் மறுபேச்சு பேசாம போனை வெச்சுட்டாராம். இருபத்தி ரெண்டு வருஷம் ஆச்சு எங்களுக்கு. ஒரு வார்த்தை கேட்டிருக்கலாம் இல்ல. நம்பிட்டாரோன்னுதான் பயம்."

சின்னவனுக்கு எதையாவது வேடிக்கையாகச் சொல்லிப் பேச்சை மாற்ற வேண்டும் போலிருந்தது. பேனாவை எடுத்து, அவள் சொன்னதை அப்படியே எழுதிக்கொண்டான். அது அவனுக்கு அடிக்கடி நடப்பதில்லை.

எலக்ட்ரிகல் சூப்பர்வைசருக்குத் தொழிற்சாலையில் ஸ்கேல் சார் என்று பெயர். சட்டைப் பையில் எப்போதும் ஓர் இரும்பு ஸ்கேல் இருக்கும். சுவரில் மாட்டிய காலண்டர்கூட அவர் கண்ணுக்குக் கோணலாகத் தெரிந்தால் நேராகும் வரை அங்கிருந்து நகரமாட்டார். முழங்காலில் பட்டை கட்டியிருந்தார். லிஃப்டை நிறுத்தச் சொல்லி, தாழ்வாரத்தின் கூரைப் பலகையை ஓர் ஆளை விட்டுக் கழற்றி வைத்து, ஏணியையும் சாத்தி வைத்துக் காத்திருந்தார்.

"மேல ஒயர் படுக்கிற ரெண்டு ட்ரே போகுது மேடம்," என்று பாடம் ஆரம்பித்தார். "ஒண்ணுல பெரிய கரண்ட். லிஃப்ட், உலை, மெஷின் எல்லாம். இன்னொண்ணுல சிக்னல் ஒயருங்க. அலாரம், உலையோட சூடு காட்டற மீட்டர், இந்த மாதிரி. ரெண்டுக்கும் நடுவுல ஒரு அடியாவது இடைவெளி இருக்கணும். பக்கத்துல பக்கத்துல படுத்துதுன்னா பெரிய கரண்ட் போடற ஆட்டத்துல சின்ன ஒயர் தானா உளற ஆரம்பிச்சிடும். தாண்டியே ஆகணும்னா நேர் குறுக்கா, தொண்ணூறு டிகிரியில தாண்டணும். உரசிக்கிட்டே போகக் கூடாது."

"மாமியாரைத் தாண்டற மாதிரி," என்றான் சின்னவன்.

ஸ்கேல் சார் சிரிக்கவில்லை. "மூணு வாரம் முன்னாடி இன்டர்நெட் ஒயர் போட கான்ட்ராக்டர் ஆள் ஒருத்தன் வந்தான். அவசரம்னு பேரு வெச்சிருக்கோம். எல்லாத்தையும் அவன்தான் குழப்பியிருப்பான். நான் மேல ஏறி நாலு மாசமாச்சு. முட்டி ஒத்துக்கல. அதை மேனேஜர்கிட்ட எழுத்துலயே கொடுத்திருக்கேன்."

"ரொம்ப நல்லது. அந்தப் புகார் நோட்டைக் கொஞ்சம் எடுத்துட்டு வந்து மேனேஜர் ரூம்ல இருக்கீங்களா? நீங்க கீழே நின்னா எங்க தம்பிக்கு மேல கை நடுங்கும்," என்றாள் அண்ணி.

அவர் படியிறங்கிப் போகும் சத்தம் அடங்கும் வரை அண்ணி பொறுத்திருந்தாள். பிறகு ஏணியைப் பிடித்துக்கொண்டாள். அவள் பிடிப்பது, அவன் ஏறுவது, இதுதான் அவர்கள் அலுவலகத்தில் வேலைப் பங்கீடு. ஏணியின் எடைக்கணக்கில் தன்னை யாரும் சேர்த்திருக்க மாட்டார்கள் என்று புலம்பிக்கொண்டே சின்னவன் கூரைக்குள் தலையை நீட்டி டார்ச்சை அடித்தான்.

"எதையும் தொடாதீங்க. மெதுவாப் பேசுங்க. சிவப்பு ஒயர்தான் அலாரம். அது எங்க போகுது?"

"தன்னோட ட்ரேயில சமர்த்தா வருது அண்ணி. திடீர்னு இறங்கி எதிர் ட்ரேக்குப் போய், லிஃப்ட் கேபிளைக் கட்டிப் பிடிச்சுக்கிட்டு தாழ்வாரம் முழுக்கப் படுத்திருக்கு. அந்தக் கோடியில திரும்பி வீட்டுக்கு வந்துடுது."

"அப்போ லிஃப்ட் ஓடினா மணி அடிக்கத்தான் செய்யும். கேட் அக்கா பொய் சொல்லல. வழியில வேற எதையாவது தாண்டுதா?"

"உலைக்குப் போற தடிமனான கேபிளுங்க மூணு இடத்துல வருது. தாண்டுது."

"எப்படித் தாண்டுது?"

சின்னவன் டார்ச்சை நகர்த்தினான். "நேரா. நோட்டுல மார்ஜின் போட்ட மாதிரி. அதுவும் மேல படாம, கீழே கறுப்பா ஒரு கட்டை வெச்சுத் தூக்கி விட்டிருக்காங்க. பல்லக்கு மரியாதைதான்."

"மூணு இடத்துலயும் கட்டை இருக்கா?"

"இருக்கு. மூணாவது கட்டை மட்டும் கொஞ்சம் குண்டு. என்னை மாதிரி."

அண்ணி சிரிக்கவில்லை. இன்று யாருமே சிரிப்பதாக இல்லை என்று அவன் மனதைத் தேற்றிக்கொண்டான். "அவசரம் போட்ட நீல ஒயர் எப்படி இருக்கு?" என்று கீழேயிருந்து குரல் வந்தது. அந்த நீல ஒயர்கள் எல்லாவற்றின் மேலும் கோணலாக ஏறி விழுந்து கிடந்தன. பிளாஸ்டிக் டை தீர்ந்த இடத்தில் பார்சல் சணலால் கட்டியிருந்தான் அந்தப் புண்ணியவான்.

அவசரம் பின்பக்க முற்றத்தில் மிச்ச ஒயரைச் சுருட்டிக்கொண்டிருந்தான். ஒரு கையால் சுருட்டி, இன்னொரு கையால் போன் பேசி, காலால் அட்டைப் பெட்டியை நகர்த்திக்கொண்டிருந்தான்.

"சிவப்பை நான் தொடவே இல்ல மேடம்," என்றான் நிற்காமலே. "அது லிஃப்டுக்கு மட்டும்தான் அடிக்குதுன்னு சொல்றாங்க இல்ல? நான் போட்டிருந்தா உலை ஆன் பண்ணாலும் அடிச்சிருக்கும், லைட்டு போட்டாலும் அடிச்சிருக்கும். அவ்வளவு நிதானம்லாம் எனக்கு ஏது?"

தன் வேலையைப் பற்றி இவ்வளவு நேர்மையாகப் பேசிய தொழிலாளியைச் சின்னவன் பார்த்ததில்லை. அண்ணியும் அவனுக்கு நன்றி சொன்னாள், அதற்குள் அவன் போய்விட்டிருந்தான்.

மேனேஜர் அறைக்கு வெளியே அண்ணி நின்றாள். மணி மூன்று முப்பத்தைந்து.

"தம்பி, உள்ள போனதும் மேல பார்த்ததைச் சொல்லுங்க. ஆனா பார்த்த மாதிரி சொல்லாதீங்க. அந்தச் சிவப்பு ஒயர் வேலையை எவ்வளவு கேவலமாச் சொல்ல முடியுமோ அவ்வளவு கேவலமாச் சொல்லுங்க."

"எதுக்கு அண்ணி?"

"உங்களுக்குத் தெரிஞ்ச ஒரே வேலையைத்தானே செய்யச் சொல்றேன்."

உள்ளே மேனேஜர் தொலைபேசியைத் தன் பக்கம் இழுத்து வைத்துத் தயாராக இருந்தார். ஸ்கேல் சார் புகார் நோட்டை மேசை விளிம்புக்கு இணையாக வைத்துவிட்டு அமர்ந்திருந்தார். கேட் அக்காவையும் வரவழைத்து ஓரமாக நிற்க வைத்திருந்தார்கள்.

"எழுதிடலாம் சார்," என்றாள் அண்ணி. "கேட் அக்கா சொன்னது பொய்தான். லிஃப்டுக்கு மட்டும் மணி அடிச்சதா சொல்றாங்க. மேல ஒயர் கிடக்கிற லட்சணத்துக்கு அது எல்லாத்துக்கும் அடிச்சிருக்கணும். தம்பி, சொல்லுங்க."

கேட் அக்கா அண்ணியை ஒரு பார்வை பார்த்தாள். சின்னவனுக்கு அந்தப் பார்வையை எதிர்கொள்ளத் தைரியமில்லை. கூரையைப் பார்த்துக்கொண்டு ஆரம்பித்தான்.

"அதை ஏன் கேக்கறீங்க. பத்து நாள் சீப்பு படாத தலை மாதிரி இருக்கு. அந்தச் சிவப்பு ஒயரை எவனோ கண்ணை மூடிக்கிட்டு விட்டெறிஞ்சிருக்கான்."

ஸ்கேல் சார் நோட்டை ஒரு நூலளவு நகர்த்தி வைத்தார்.

"அளவும் கிடையாது, கணக்கும் கிடையாது. குடிச்சிட்டு ஏறின ஆளா இருக்கும். இந்த வேலைக்கு இவனைச் சேர்த்தவனைச் சொல்லணும்."

ஸ்கேல் சாரின் காது மடல் சிவந்தது. அப்போதுதான் சின்னவனுக்கு அண்ணி எங்கே குறி வைக்கிறாள் என்பது புரிந்தது. புரிந்ததும் அவன் வாய்க்கு இன்னும் தெம்பு வந்தது.

"எல்லாத்தையும் விடுங்க. உலைக் கேபிள் மேல அந்த ஒயர் அப்படியே சாஞ்சு, உரசிக்கிட்டு, கொடியில போட்ட ஈரத் துணியாட்டம்—"

"சாயல," என்றார் ஸ்கேல் சார்.

"சாஞ்சுதான் சார் இருக்கு. நான் இப்போதானே பார்த்துட்டு வந்தேன்."

"யோவ், உனக்குப் பார்க்கத் தெரியல. எப்படிய்யா சாயும்? மூணு இடத்துலயும் நேர் குறுக்கா தாண்டுது. அடியில கட்டை கொடுத்துத் தூக்கியிருக்கு. ஒரு இடத்துல உரசல் காட்டு, நான் இந்த வேலையை விட்டுடறேன்."

அண்ணி புகார் நோட்டைத் தன் பக்கம் இழுத்துக்கொண்டாள்.

"மூணு இடம்," என்றாள் அண்ணி நிதானமாக. "கட்டை. நாலு மாசமா மேல ஏறலன்னு எழுதிக் கொடுத்திருக்கீங்க. மூணு வாரம் முன்னாடி வரைக்கும் மணி ஒழுங்கா இருந்துச்சு. அப்போ இந்த அழகான வேலையை எப்போ சார் பார்த்தீங்க?"

ஸ்கேல் சார் சட்டைப் பையிலிருந்த ஸ்கேலைப் பிடித்துக்கொண்டார். வேலையை விடுவதாக இப்போதுதான் சொல்லியிருந்தார். அது இவ்வளவு சீக்கிரம் பலிக்கும் என்று எதிர்பார்த்திருக்க மாட்டார்.

மேனேஜர் இருவரையும் மாறி மாறிப் பார்த்தார். "எனக்கு ஒண்ணும் புரியல."

"அவசரம் மாதிரி ஆள் குழப்பியிருந்தா மணி நேரங்காலம் இல்லாம அடிச்சிருக்கும். நாலாவது நாளே வெளியில இருந்து ஆளைக் கூட்டிட்டு வந்து பிரிச்சுப் பார்த்திருப்பீங்க," என்றாள் அண்ணி. "இவருக்கு அது உதவாது. லிஃப்டுக்கு மட்டும் அடிக்கணும், தினம் அடிக்கணும், கேட் அக்காவுக்கு அது பழகணும். அப்புறம் ஒரு நாள் லிஃப்டை ஓட விட்டுட்டு, தன்கிட்ட இருக்கிற சாவியால அறையைத் திறந்தா மணி அடிச்சாலும் யாரும் எழுந்து வரமாட்டாங்க. அதுக்குத்தான் சிவப்பு ஒயரை லிஃப்ட் கேபிளோட படுக்க வெச்சு, உலைக் கேபிள்கிட்ட மட்டும் ஒட்டாம, பத்திரமா தாண்ட விட்டிருக்கார். தப்பு செய்யும்போதும் விதிப்படிதான் செய்வேன்னு ஒரு மனுஷன் இருந்தா என்ன பண்றது?"

"சரி, கிண்ணம்?"

"கிண்ணம் இன்னும் உள்ளதான் இருக்கு. இந்த வாசல்ல ஒவ்வொரு பைக்குள்ளயும் கை விட்டுப் பார்க்கிற ஒரே ஆள் கேட் அக்கா. அவங்க இருக்கிற வரைக்கும் கிண்ணம் வெளிய போகாது. அவங்களை நாலு மணிக்கு நீங்களே அனுப்பி வைக்கிறதா இருந்தீங்க. அஞ்சு மணிக்கு இவர் நிம்மதியா எடுத்துட்டுப் போயிருப்பார்."

மேனேஜர் தொலைபேசியிலிருந்து கையை எடுத்தார். "உள்ளன்னா எங்க?"

அண்ணி பெருமூச்சு விட்டாள். "எங்க கொழுந்தனார் ஒரு மணி நேரம் முன்னாடி அதுக்கு டார்ச் அடிச்சுப் பார்த்து, தன்னை மாதிரியே குண்டா இருக்குன்னு பாராட்டிட்டு வந்தார்."

சின்னவன் மறுபடி ஏணி ஏறினான். இந்த முறை ஏணியைப் பிடித்தது மேனேஜரும் ஒரு எலக்ட்ரீஷியனும். கரண்டை முழுக்க நிறுத்திவிட்டு, மூன்றாவது கட்டையை உருவி, அதில் சுற்றியிருந்த கறுப்பு டேப்பைப் பிரித்தார்கள். உள்ளே கவிழ்த்து வைத்த பிளாட்டினக் கிண்ணம் இருந்தது. சின்னவன் கையில் வாங்கியதும் கை சொன்னபடியே கீழே போனது. பழைய கட்டையை எடுத்துவிட்டு ஸ்கேல் சார் இதை வைத்திருக்கிறார். இருந்த கட்டையைவிட இது அரை அங்குலம் உயரம் என்பதில் அவருக்கு நிச்சயம் ஒரு உறுத்தல் இருந்திருக்கும்.

சொன்னபடியே நாலு மணிக்கு மேனேஜர் போன் செய்ய, போலீஸ் வந்தது. ஸ்கேல் சார் எதையும் மறுக்கவில்லை, அழவில்லை, பிள்ளை குட்டிகளைப் பற்றிப் பேசவில்லை. ஜீப்பில் ஏறும்போது சின்னவன் பக்கம் திரும்பி, "வேற என்ன வேணாலும் சொல்லியிருக்கலாம்ய்யா. குடிச்சிட்டு ஏறினவன் வேலைன்னு சொல்லியிருக்க வேணாம்," என்றார். உண்மையாகவே மனம் புண்பட்டிருந்தது. சின்னவனுக்கும் ஏனோ சங்கடமாகத்தான் இருந்தது.

மேனேஜர் கேட் அக்காவிடம், "நீ நாளையிலேர்ந்து வழக்கம்போல வந்துடு," என்றார். மன்னிப்பு என்ற சொல்லை அவர் வாய்க்கு யாரும் அறிமுகப்படுத்தியிருக்கவில்லை.

"இன்னைக்கு ஷிஃப்ட் இன்னும் முடியல சார்," என்றாள் அவள். தொப்பியை எடுத்து மாட்டிக்கொண்டு வாசலுக்கு நடந்தாள். அண்ணியும் சின்னவனும் பின்னால் போனார்கள்.

"உள்ள வெச்சு உங்களைப் பொய்க்காரின்னு சொன்னேன். மனசுல வெச்சுக்காதீங்க," என்றாள் அண்ணி.

"அந்த நிமிஷம் செத்துட்டேங்க," என்றாள் கேட் அக்கா. "பரவாயில்ல. இனி வீட்டுக்குப் போறதுதான் எப்படின்னு தெரியல."

செக்யூரிட்டி அறையில் அவளுக்குப் பதிலாகக் காலையிலிருந்து உட்கார வைத்திருந்த இளைஞன் விறைப்பாக எழுந்து நின்றான். இரும்புக் கேட்டின் மறுபக்கம், வெயிலில், எண்ணெய்க் கறை படிந்த வேலைச் சட்டையோடு ஓர் ஆள் நின்றுகொண்டிருந்தார். கையில் ஒரு சீட்டு நாலாக மடிந்து வியர்வையில் நனைந்திருந்தது.

"யாருப்பா அவர்?" என்று கேட்டான் சின்னவன்.

"காலையில பத்தரையிலேர்ந்து நிக்கிறார் சார். உள்ள விடுன்னு ஒரே சண்டை. பார்வையாளர் சீட்டுல பகல் செக்யூரிட்டி கையெழுத்து இல்லாம விடக் கூடாதுன்னு ரூல். பகல் செக்யூரிட்டிதான் விசாரணையில இருக்காங்களே, நான் என்ன பண்ணட்டும்?"

கேட் அக்கா கம்பி அருகே போனாள். கேட்டுக்கு அந்தப் பக்கமிருந்து அவர்தான் பேசினார்.

"போனை வெச்ச கையோட பஸ் ஏறிட்டேன். நீ எடுத்திருக்க மாட்டேன்னு அந்த ஆள் மூஞ்சியப் பார்த்துச் சொல்லணும்னு வந்தேன். இவன் உள்ள விடமாட்டேங்கிறான்."

ஆறு மணி நேரம் வெயிலில் நின்று தொண்டை கட்டிப்போயிருந்தது. சீட்டைக் கம்பி வழியாக நீட்டினார். "கையெழுத்துப் போடு."

"எல்லாம் முடிஞ்சிடுச்சுங்க. இனி எதுக்கு உள்ள வரணும்?"

"அந்த ஆள்கிட்ட நான் இன்னும் சொல்லலையே."

கேட் அக்கா சீட்டை வாங்கினாள். பெயர், நேரம் எல்லாம் சரியாக எழுதியிருக்கிறதா என்று பார்த்தாள். 'யாரைப் பார்க்க' என்ற இடத்தில் மேனேஜர் என்று இருந்தது. கண்ணைத் துடைத்துக்கொண்டு கையெழுத்துப் போட்டாள். பிறகு கேட்டைத் தானே திறந்து, கணவரின் பைக்குள் கை விட்டுச் சோதித்துவிட்டு, உள்ளே அனுப்பினாள்.